புறாமலைக்கு ஒரு வாசல்: நிலாவெளிக் கடலில் ஒரு நிகழ்வு ஆய்வு

பத்தாம் ஆண்டு படிக்கும்போது பள்ளிக்கூடத்தால் எங்களைப் புறாமலைக்குக் கூட்டிப்போனார்கள். இடுப்பளவு தண்ணீரில் நடந்துகொண்டிருந்தேன். மூச்சு வாங்கியது. எதிலாவது ஏறி நிற்கலாம் என்று காலை ஊன்றினேன். காலடியில் அப்பளம் நொறுங்கியதுபோல இருந்தது. காதில் கேட்ட சத்தம் என்று அதைச் சொல்ல முடியாது, எலும்பு வழியாக ஏறி வந்த ஒரு நடுக்கம். கணுக்காலில் கீறல். கரைக்கு ஓடிவந்து இரத்தம் வடிந்த காலைக் காட்டி, "கல்லு வெட்டிப்போட்டுது" என்று சேரிடம் முறையிட்டேன். மருந்து போட்டுவிட்டார். கல்லுக்கு என்ன ஆனது என்று அவரும் கேட்கவில்லை, எனக்கும் தோன்றவில்லை. முருகைக்கல், அதாவது பவளப்பாறை, உயிருள்ளது என்பதே எனக்கு அப்போது தெரியாது. யாராவது சொல்லியும் இருக்கலாம். கரையில் இருந்த இரைச்சலில், நூறு பிள்ளைகள் போட்டில் ஏறத் துடித்துக்கொண்டு நின்ற அந்த நேரத்தில், காதில் விழவில்லை.

பிறகு நிலப்பயன்பாட்டுத் திட்டமிடல் படித்தேன். சனம் கூடும் வெளியிடங்களை, அதாவது கடற்கரை, மலை, காடு, கோயில் வீதி போன்றவற்றை, எப்படி ஒழுங்குபடுத்துவது என்பது அந்தப் படிப்பில் ஒரு பகுதி. அமெரிக்க மலைப்பாதைகளையும் ஆபிரிக்கப் பூங்காக்களையும் உதாரணம் காட்டிப் படிப்பித்தார்கள். எனக்கு ஒவ்வொரு தடவையும் நினைவுக்கு வந்தது அந்த அப்பளச் சத்தம்தான். அதனால் இந்த ஆய்வு.

இடத்தைப் பற்றி

புறாத்தீவு என்று எழுதினாலும் ஊரில் பலர் வாயில் அது புறாமலைதான். இலங்கையின் கிழக்கில், திருகோணமலைக்குப் பக்கத்தில் இருக்கும் நிலாவெளிக் கரையிலிருந்து ஏறத்தாழ ஒரு கிலோமீற்றர் தூரத்தில் இரண்டு தீவுகள். பெரியது ஏறக்குறைய 200 மீற்றர் நீளம், 100 மீற்றர் அகலம். அதன் உச்சி 45 மீற்றருக்குச் சற்றுக் குறைவு. சின்னது வெறும் பாறைக் கூட்டம். பாறை இடுக்குகளில் மாடப்புறா கூடு கட்டுவதால் வந்த பெயர். நகரத்துக் கூரைகளில் இருக்கும் கலப்புப் புறாவைச் சொல்லவில்லை, காட்டு மாடப்புறா. காலனித்துவ ஆட்சிக் காலத்தில் இதைச் சுடும் பயிற்சிக்குக்கூடப் பயன்படுத்தியிருக்கிறார்கள். 1963-இல் சரணாலயம் ஆனது, 2003-இல் தேசியப் பூங்கா. நாட்டின் பதினேழாவது தேசியப் பூங்கா அது. தென்மேற்குக் கரையில் உள்ள ஹிக்கடுவைக்கு அடுத்தபடியாகக் கடலுக்குள் அமைந்த பூங்காவும் அதுதான்.

2003 என்பதைக் கவனியுங்கள். 2002 போர்நிறுத்தத்துக்கு அடுத்த வருடம். 2004 டிசம்பரில் சுனாமி வந்தது, அதற்குப் பிறகு மறுபடியும் சண்டை. பூங்கா என்ற பெயர் வந்து ஆறு வருடத்துக்கு அங்கே பெரிய கூட்டம் என்று ஒன்று வரவே வழி இருக்கவில்லை. 2009-க்குப் பிறகு பாதை திறந்தது, பஸ் வந்தது, ஹோட்டல் வந்தது. சிறிது சிறிதாகக் கூடியிருந்தால் ஊரும் கரையும் அதற்கேற்பப் பழகியிருக்கும். இங்கே கதவு மூடியிருந்து திடீரென்று திறந்த மாதிரி ஆகிவிட்டது.

பூங்காவின் பரப்பு ஏறத்தாழ 471 ஹெக்டெயர். இந்த எண்ணைக் கேட்டவுடன் பெரிய இடம் என்று தோன்றும். ஆனால் பெரிய தீவை ஒரு செவ்வகமாகக் கணக்குப் போட்டாலும் 2 ஹெக்டெயர்தான் வரும். அதிலும் பெரும்பகுதி ஏற முடியாத பாறை, புதர். மிச்சமெல்லாம் கடல். வருகிற சனம் நிற்பது போட் ஒதுங்கும் மணற்கரையிலும், அதை ஒட்டி நீந்தத் தெரியாதவரும் இறங்கக்கூடிய ஆழம் குறைந்த தண்ணீரிலும்தான். 471 ஹெக்டெயர் பூங்காவுக்கு வந்தவர்கள் ஒரு ஹெக்டெயருக்குள் நெருக்கியடித்து நிற்கிறார்கள். பூங்கா முழுவதற்கும் நாளொன்றுக்கு இத்தனை பேர் என்று ஓர் எண்ணைச் சொல்வதில் அர்த்தமில்லாமல் போவது இதனால்தான். பாரம் விழுவது ஒரே மூலையில்.

காற்றும் நேரமும்

நிலாவெளியில் தொழில் செய்கிறவர்களுக்கு நாட்காட்டி காற்றில் இருக்கிறது. வாடைக்காற்று தொடங்கினால் கடல் கொந்தளிக்கும், தண்ணீர் கலங்கும், சுற்றுலாப் போட் ஓடாது. சித்திரைக்குப் பிறகு, மேற்கிலும் தெற்கிலும் கடல் குமுறுகிற மாதங்களில், இங்கே கடல் எண்ணெய் ஊற்றியதுபோல இருக்கும். தெற்கிலிருந்தும் கொழும்பிலிருந்தும் சனம் வருவது அப்போதுதான். சித்திரைப் புத்தாண்டு, வெசாக், பொசன், ஆவணிப் பள்ளி விடுமுறை எல்லாம் அந்தப் பருவத்துக்குள் விழுகின்றன.

ஒரு நாளுக்குள்ளும் இதே கதைதான். விடிந்து சில மணி நேரம் தண்ணீர் தெளிவு. பத்து, பதினொரு மணிக்குப் பிறகு காற்று எழும்பி மேல்தண்ணீர் சிலும்பத் தொடங்கும். இது எல்லோருக்கும் தெரியும். ஹோட்டல்காரருக்குத் தெரியும், பஸ் சாரதிக்குத் தெரியும். ஆகவே எல்லோரும் காலையில் வருகிறார்கள். மத்தியானம் மூன்று மணிக்குப் போனால் கரை வெறிச்சோடிக் கிடக்கும். நாள் மொத்தத்தைப் பார்த்தால் அளவான கூட்டம், காலை ஒன்பது மணியைப் பார்த்தால் திருவிழா.

இதில் யாரும் பேசாத ஒரு சின்ன விஷயம் இருக்கிறது. எங்கள் கரையில் வற்றுக்கும் பெருக்குக்கும் இடையே ஒரு மீற்றர் வித்தியாசம்கூட இல்லை. அதனால் ஏற்ற இறக்கத்தை யாரும் பெரிதாகக் கணக்கில் எடுப்பதில்லை. ஆனால் முருகைத்திட்டின் தலை தண்ணீர் மட்டத்துக்கு இரண்டு அடி கீழே இருக்கும் இடத்தில் ஓர் அடி வற்றினால் என்ன ஆகும்? பெருக்கில் அதற்கு மேலால் நீந்திப் போகலாம். வற்றில் வயிறு உரசும், முட்டி இடிக்கும், கடைசியில் எழுந்து நிற்பதைத் தவிர வேறு வழியில்லை. வற்று நேரமும் கூட்ட நேரமும் ஒன்றாக விழும் காலைகள்தான் மோசமானவை. அந்த நாட்கள் எவை என்று வற்றுப்பெருக்கு அட்டவணையைப் பார்த்தே முன்கூட்டிச் சொல்லலாம். பெரிய ஆராய்ச்சி ஒன்றும் தேவையில்லை.

எது உடைகிறது, எப்படி

மான்கொம்பு முருகை என்று ஒரு வகை. கிளை கிளையாக, திருகோணமலைக் கோட்டைக்குள் திரியும் மான்களின் கொம்பை ஆயிரம் சேர்த்து நட்டுவைத்ததுபோல இருக்கும். வேகமாக வளரும், நல்ல நிலைமையில் வருடத்துக்குப் பத்து சென்ரிமீற்றர் அளவில். அதே வேகத்தில் உடையும். உருண்டையாக வளரும் பாறை முருகைகள் வருடத்துக்கு ஒரு சென்ரிமீற்றர் போலத்தான் வளர்கின்றன. அவை மிதிக்கு உடையாது, ஆனால் மேல்தோலில் இருக்கும் உயிர் நசுங்கும்.

உடைந்த மான்கொம்புக் கிளை உடனே செத்துவிடுவதில்லை. அசையாத இடத்தில் விழுந்தால் ஒட்டிக்கொண்டு மறுபடி முளைக்கும். ஏற்கெனவே உடைந்து குவிந்த சில்லுகளின் மேல் விழுந்தால் அலைக்கு உருண்டு உருண்டு உரசியே சாகும். அந்தச் சில்லுக் குவியலில் புதுக்குஞ்சும் ஒட்டாது. அதாவது, ஓர் இடம் குறிப்பிட்ட அளவுக்கு மேல் உடைந்துவிட்டால், பிறகு மனிதர் ஒருவர்கூட வராவிட்டாலும் அது தானாக எழும்பாமல் கிடக்கக்கூடும். தீவின் கரையில் வெள்ளை வெள்ளையாகக் குவிந்து கிடக்கும் துண்டுகளை "அழகான கல்லு" என்று பிள்ளைகள் பொறுக்குகிறார்கள். அவற்றில் கடல் உடைத்தது எது, கால் உடைத்தது எது என்று பிரித்துச் சொல்ல முடியாது.

அப்புறம் லைஃப் ஜாக்கெட். இதை எழுதக் கொஞ்சம் தயக்கம், ஏனென்றால் போட்டில் அது கட்டாயம் வேண்டும், உயிர் விஷயம். ஆனால் சாதாரண ஜாக்கெட் போட்டவர் தண்ணீரில் நிமிர்ந்துதான் மிதப்பார். தலை மேலே, கால் கீழே. தரையைத் தேடி அந்தக் கால் துழாவும். கிடையாக மிதக்கிற ஒருவர் இரண்டு அடித் தண்ணீரில் முருகையைத் தொடாமல் போகிற இடத்தில், நிமிர்ந்து மிதக்கிறவர் ஐந்து அடித் தண்ணீரிலும் மிதிப்பார். நீந்தத் தெரியாதவருக்கு ஒரு வளையத்தைக் கொடுத்து, அதைக் கையால் பிடித்துக்கொண்டு குப்புற மிதக்கச் சொல்லி, ஒருவர் கயிற்றால் இழுத்துக்கொண்டு போனால் ஆளுக்கும் ஆபத்தில்லை, கல்லுக்கும் இல்லை. மாலைதீவிலும் தாய்லாந்திலும் வழிகாட்டிகள் இப்படிச் செய்கிறார்கள்.

மற்றவை சுருக்கமாக. கால்துடுப்பு கிளப்பும் மணல் முருகைமேல் படிந்து வெளிச்சத்தை மறைக்கிறது. நங்கூரம் விழுகிற இடத்தில் சேதம். சாப்பாட்டு மிச்சத்துக்குக் காகம் வருகிறது, காகம் வந்தால் புறா முட்டைக்கு ஆபத்து. ஆழம் குறைந்த தண்ணீரில் ஒதுங்கித் திரியும் கருமுனைச் சுறாக் குட்டிகளைப் படம் எடுக்கத் துரத்துகிறார்கள்.

வருகையாளர் மட்டும்தான் காரணம் என்று நான் சொல்ல வரவில்லை. 1998-இல் கடல் சூடேறி முருகை வெளுத்தபோது ஹிக்கடுவை பெரும்பாலும் அழிந்தது, திருகோணமலைப் பக்கம் அந்தத் தடவை தப்பியது. அதற்குப் பிறகு வந்த சூடுகள் இங்கேயும் எட்டின. டைனமைட் போட்டு மீன் பிடிப்பது இந்த மாவட்டத்தின் பழைய நோய். முள்முடி நட்சத்திரமீன் பெருகினால் திட்டுத்திட்டாகத் தின்னும். கடல் சூட்டை நிலாவெளியில் இருந்துகொண்டு யாரும் குறைக்க முடியாது. ஆனால் சூட்டில் நொந்த முருகை மீண்டு வரும் மாதங்களில் அதன்மேல் ஆள் ஏறி நிற்காமல் பார்க்கலாம்.

எத்தனை பேர் என்ற கேள்வி

இந்த இடத்தைப் பற்றி யாரிடம் பேசினாலும் முதலில் வருவது, "ஒரு நாளைக்கு இத்தனை பேர்தான் என்று கட்டுப்படுத்த வேண்டும்." தாங்குதிறன் என்ற இந்த எண்ணம் மேய்ச்சல் நிலத்திலிருந்து வந்தது. இத்தனை ஏக்கரில் இத்தனை மாடு மேயலாம் என்ற கணக்கை 1960-களில் அமெரிக்காவில் பூங்காக்களுக்குப் பொருத்திப் பார்த்தார்கள். சரிவரவில்லை. மாடு எல்லாம் ஒரே மாதிரிப் புல் தின்னும். மனிதர் அப்படி இல்லை. நன்றாக நீந்தத் தெரிந்த ஐம்பது பேர் ஒரு கிளையையும் தொடாமல் வந்துவிடலாம், பயந்துபோன ஐந்து பேர் ஒரு திட்டையே நொறுக்கலாம்.

1985-இல் அமெரிக்க வனச் சேவையைச் சேர்ந்த ஆய்வாளர்கள் கேள்வியையே மாற்றிப்போட்டார்கள். ஏற்கத்தக்க மாற்றத்தின் எல்லை என்று அந்த முறைக்குப் பெயர். ஆள் வந்தால் மாற்றம் வரத்தான் செய்யும், அதை ஒப்புக்கொள்ளுங்கள். எவ்வளவு மாற்றம் வரை பொறுப்பீர்கள் என்று முதலில் முடிவு செய்யுங்கள். அதைக் கண்ணால் பார்த்து அளக்கக்கூடிய ஓர் அடையாளத்தைத் தேர்ந்தெடுங்கள். எல்லை தாண்டினால் என்ன செய்வது என்பதை, தாண்டுவதற்கு முன்பே எழுதிவையுங்கள்.

புறாமலைக்கு அப்படி ஓர் அடையாளம் ஆயத்தமாகவே இருக்கிறது: வெள்ளை நுனி. மான்கொம்புக் கிளை புதிதாக உடைந்தால் உடைந்த இடம் சுண்ணாம்பு வெள்ளையாகத் தெரியும். நாட்போக்கில் பாசி பிடித்து மங்கிவிடும். ஆகவே வெள்ளை நுனி என்பது அண்மையில் நடந்த உடைவு. ஐந்தாறு இடத்தைக் குறித்துவைத்து, வாரத்தில் ஒரு நாள் அதே ஆள் நீந்திப்போய் அதே இடத்தில் எண்ணினால் போதும். கப்பலும் வேண்டாம், கலாநிதிப் பட்டமும் வேண்டாம். மாஸ்க் ஒன்றும் சிலேட் ஒன்றும் போதும். எண்ணிக்கை வைத்த எல்லையைத் தாண்டினால் அடுத்த வாரம் அந்தப் பக்கத்தை மிதவைக் கயிறு கட்டி மூடலாம், அதிலும் குறையாவிட்டால் காலை நேரப் போட்டுகளைக் குறைக்கலாம். ஆள் எண்ணிக்கையைக் குறைப்பது இந்த ஏணியில் கடைசிப் படி. நம் ஊர்களில் வழக்கமாக அதை முதல் படியாக வைத்துவிட்டு, ஹோட்டலும் போட்டுக்காரரும் சத்தம் போட்டவுடன் ஏணியையே எடுத்துவிடுகிறார்கள்.

வேறு கரைகள் இரண்டு

தாய்லாந்தின் மாயா விரிகுடாவில் ஒரு நாளைக்கு 5,000 பேர் அளவில் வந்து குவிந்தார்கள். 2018 ஜூனில் மூடினார்கள். 2022 ஜனவரியில்தான் திறந்தார்கள். மூடிய காலத்தில் கருமுனைச் சுறாக்கள் திரும்பி வந்ததுதான் எல்லோரும் எழுதிய செய்தி. எனக்கு முக்கியமாகப் படுவது, திறந்தபோது அவர்கள் எதை மாற்றினார்கள் என்பது. போட் விரிகுடாவுக்குள் வரக்கூடாது. தீவின் பின்பக்கம் மிதக்கும் துறையில் இறங்கி, மரப்பாதையால் நடந்து முன்பக்கம் வரவேண்டும். சுற்றுச் சுற்றாக, ஒரு சுற்றுக்கு இத்தனை பேர் என்று விட்டார்கள். நீந்த விடவில்லை. இப்போது வருடத்தில் இரண்டு மாதம் மூடுகிறார்கள். அந்த இரண்டு மாதத்தைப் பற்றிப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. நமக்கு வாடைக்காற்று அதை இலவசமாகச் செய்து தருகிறது.

ஹவாயில் ஹனௌமா விரிகுடா. 1980-களில் வருடத்துக்கு 30 இலட்சம் பேர் அளவில் போன சின்ன விரிகுடா. வாகனத் தரிப்பிடம் நிறைந்தால் அடுத்த ஆள் கிடையாது என்று தொடங்கினார்கள். 2002-இலிருந்து கரைக்கு இறங்குவதற்கு முன் சில நிமிடப் படம் ஒன்றைப் பார்த்தே ஆகவேண்டும். 2021-இல் முன்பதிவு வந்தது. வாரத்தில் இரண்டு நாள் பூட்டு. அந்தப் படம் பார்க்கும் கொட்டகை மேட்டில் இருக்கிறது, கடல் கீழே தெரிகிறது. பார்த்துவிட்டுத்தான் இறங்கலாம்.

சொல்லிக்கொடுத்தால் கேட்பார்களா என்று சந்தேகப்படுகிறவர்களுக்கு எகிப்தின் ராஸ் முகமது பூங்காவில் 1990-களில் செய்த ஆய்வு ஒன்று உண்டு. சுழியோடிகள் ஏழு நிமிடத்துக்குச் சராசரி 1.4 தடவை முருகையைத் தொட்டார்கள். தரையில் ஒரு விளக்கமும் தண்ணீருக்குள் ஒரு செய்துகாட்டலும் கொடுத்தபின் அது 0.4 ஆகியது. ஆனால் கரிபியனின் சென். லூசியாவில் செய்த வேறோர் ஆய்வில் வெறும் வாய்ச்சொல் விளக்கம் பலன் தரவில்லை. தண்ணீருக்குள் கூடவே போகும் வழிகாட்டி தொடும்போது தடுத்தால்தான் குறைந்தது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் கரையில் ஒருவர் சொல்லவும் வேண்டும், தண்ணீரில் ஒருவர் கூட நிற்கவும் வேண்டும்.

கோணேசரிடம் கற்றுக்கொள்ள வேண்டியது

ஹவாய்வரை போகத் தேவையில்லை என்றும் நினைப்பேன். திருகோணமலைக் கோட்டைக்குள் இருக்கும் கோணேசர் கோயிலுக்குப் போகிறவரைப் பாருங்கள். கோட்டை வாசல், அங்கிருந்து ஏற்றம், கடைகள், செருப்பு வைக்குமிடம், கால் கழுவுமிடம், அப்புறம் படி. ஒவ்வொரு இடத்திலும் அவர் கொஞ்சம் கொஞ்சமாக மாறுகிறார். கோட்டை வாசலில் கத்திக்கொண்டு வந்த பிள்ளை சன்னிதிக்கு வரும்போது அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு குசுகுசுக்கிறது. காவலாளி யாரும் அதட்டவில்லை. அந்த வழி அப்படி அமைந்திருக்கிறது. கன்னியா வெந்நீர்க் கிணறுகளிலும் அப்படித்தான். ஏழு கிணறு, ஒவ்வொன்றும் இறங்கிக் குளிக்க முடியாத அளவில். வாளியால் அள்ளித்தான் குளிக்க வேண்டும். கிணற்றின் அளவே சட்டம்.

அதே கோட்டைக்குள் வாகனத்தோடு போகிறவர்கள் கண்ணாடியை இறக்கி மானுக்குப் பொலித்தீன் பையோடு தீனி நீட்டுகிறார்கள். ஒரே ஊர், ஒரே சனம், ஒரே காலை. வாசலைக் கடந்து நடந்து வந்த இடத்தில் ஒரு மாதிரி, கடக்காமல் வண்டியில் வந்த இடத்தில் வேறு மாதிரி. காலை எட்டு மணிக்குக் கோணேசரில் செருப்பைக் கழற்றிய அதே குடும்பம் பத்து மணிக்கு முருகைக்கல்லில் ஏறி நின்று படம் எடுக்கிறது. அவர்கள் கெட்டவர்கள் இல்லை. புறாமலைக்கு வாசல் இல்லை, அவ்வளவுதான். டிக்கெட் கொடுக்கும் இடம் இருக்கிறது, போட்டில் ஏறும் இடம் இருக்கிறது. இரண்டும் காசு கைமாறும் இடங்கள். கரையில் கால் வைத்ததிலிருந்து தண்ணீரில் கால் வைப்பது வரை ஒருவர் எங்கேயும் நிற்பதில்லை.

ஆகவே என் முன்மொழிவின் நடுப்புள்ளி நிலாவெளிக் கரையில் ஒரு கொட்டில். ஓலைக் கூரை போதும். ஒரு போட்டில் ஏறும் பத்துப் பேரும் அங்கே பத்து நிமிடம் உட்காருகிறார்கள். தமிழ், சிங்களம், ஆங்கிலம் மூன்றிலும் ஒருவர் பேசுகிறார். ஒரு செத்த முருகைத் துண்டையும் தண்ணீருக்குள் எடுத்த படத்தையும் பக்கத்துப் பக்கத்தில் காட்டுகிறார். மாஸ்க் முகத்தில் சரியாகப் பொருந்துகிறதா என்று அங்கேயே போட்டுப் பார்க்கிறார்கள். இது சின்ன விஷயம் மாதிரித் தெரியும். ஆனால் நிறையப் பேர் நடுத்தண்ணீரில் எழுந்து நிற்பது மாஸ்க்குக்குள் தண்ணீர் போனதால்தான்.

அந்தப் பத்து நிமிடத்தில் நடக்க வேண்டிய முக்கிய வேலை பிரிப்பது. நீந்துவீர்களா, மிதப்பீர்களா, கால் நனைத்தால் போதுமா? சேலையோடும் ஜீன்ஸோடும் வருகிற அம்மாக்களும் அப்பாக்களும் முருகை பார்க்க வந்தவர்கள் இல்லை. தீவுக்குப் போய் வந்தோம் என்று சொல்ல, பிள்ளைகள் தண்ணீரில் விளையாட, பார்சல் சோறு சாப்பிட வந்தவர்கள். அந்த ஆசையில் குற்றம் ஒன்றும் இல்லை. அவர்களுக்கு மணல் அடியுள்ள ஒரு பகுதியைக் கயிறு கட்டி ஒதுக்கிக் கொடுத்தால் சந்தோஷமாக இருப்பார்கள். இன்னும் சொல்லப்போனால், அவர்களில் பாதிப் பேருக்குத் தீவே தேவையில்லை. நிலாவெளிக் கரையிலேயே நிழலும் உடை மாற்றும் அறையும் நல்ல தண்ணீரும் இருந்தால் அங்கேயே நின்றுவிடுவார்கள்.

நீந்துகிறவர்களுக்கு ஒரு வாய்க்கால் வழி. இங்கே என் படிப்பில் கற்ற ஒன்று பொருந்துகிறது: மிதிபடும் நிலத்தில் முதல் சில மிதிகள்தான் பெருஞ்சேதம் செய்கின்றன, அதற்குப் பிறகு வருகிற ஆயிரம் மிதி அவ்வளவாகக் கூட்டுவதில்லை. அதனால் சனத்தைப் பரப்பிவிடுவது நல்லது என்ற நினைப்பு பெரும்பாலும் பிழை. ஏற்கெனவே உடைந்த, மணல் தெரிகிற ஒரு வழியைத் தேர்ந்து எல்லோரையும் அதற்குள்ளால் ஆழத்துக்கு அனுப்பிவிட வேண்டும். ஆழத்துக்குப் போய்விட்டால் கால் எட்டாது. அந்த வழி மோசமாகத்தான் இருக்கும், அதை ஒப்புக்கொண்டு மற்றதைக் காப்பாற்ற வேண்டும். சுற்றுலா அழகியல் பார்க்கிறவர்களுக்கு இது பிடிக்காது.

போட்டுக்காரர் என்ன சொன்னார்

இதையெல்லாம் தாளில் கீறி எடுத்துக்கொண்டு போய், இருபது வருடத்துக்கு மேல் ஓட்டியாக இருக்கும் ஓர் அண்ணனிடம் காட்டினேன். வாடைக்காற்றுக்கு வலை, கடல் அமைதியான கச்சான் காற்றுக் காலத்துக்குச் சுற்றுலா என்று இரண்டு தொழிலும் செய்கிறவர். வலைக் குவியலில் உட்கார்ந்து, படத்தைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்து, பிறகு திருப்பிப் பார்த்தார்.

"வெள்ளை நுனி எண்ணுறது நல்லம். எங்கட பொடியனுகளே எண்ணுவானுகள். காசு கொடுக்கணும்."

நேரம் பிரித்து அனுப்புவதைச் சொன்னேன். அங்கேதான் அவர் முகம் மாறியது. போட்டுகள் முறைப்படி ஓடுகின்றன. முறை வந்தவர் ஆளை ஏற்றுவார். காலைச் சுற்று, மத்தியானச் சுற்று என்று பிரித்தால் மத்தியான முறை விழுந்தவருக்கு ஆளே வராது. வந்தாலும் கலங்கிய தண்ணீரைப் பார்த்துவிட்டு, "காசு வேஸ்ட்" என்று அவரோடுதான் சண்டை பிடிப்பார்கள். திட்டமிடுகிறவர் தாளில் நேரத்தைப் பிரிக்கிறார், அந்தப் பிரிவு யாருடைய வீட்டு அடுப்பில் போய் முட்டுகிறது என்று பார்ப்பதில்லை. நானும் பார்த்திருக்கவில்லை.

இரண்டு பேரும் அரை மணித்தியாலம் அதைப் பேசினோம். இன்றைக்குக் காலை ஓடியவர் நாளைக்கு மத்தியானம் என்று மாற்றிப்போடலாம் என்றேன். ஞாயிற்றுக்கிழமை காலையும் புதன்கிழமை காலையும் ஒன்றா என்று கேட்டார். சரி, பருவம் முழுக்க வருகிற காசைச் சங்கத்தில் போட்டு ஓட்டத்துக்கு இவ்வளவு என்று பிரித்தால்? அதற்கு அவர் சிரித்தார். சங்கத்தில் காசு போடுவதைப் பற்றி அவருக்குச் சொந்த அனுபவங்கள் இருந்தன. கடைசியில் அவரே ஒரு வழி சொன்னார். மத்தியானச் சுற்றை முருகை பார்க்கிறவர்களுக்கு வைக்காமல், கால் நனைக்க வருகிற குடும்பங்களுக்கு வைத்தால் என்ன? அவர்களுக்குத் தண்ணீர் தெளிவு தேவையில்லை. டிக்கெட்டில் மத்தியானத்துக்குக் கொஞ்சம் குறைத்தால் பஸ்காரர் காலையில் கோணேசரும் கன்னியாவும் பார்த்துவிட்டு இங்கே வருவார்கள். காலையில் நீந்துகிறவர்கள், மத்தியானம் குடும்பங்கள். கடல் முரடாகிற நாளில் மட்டும் மத்தியான ஓட்டம் இல்லை.

என் வரைபடத்தில் இல்லாத அந்த ஒரு வரி மற்ற எல்லாவற்றையும் தூக்கி நிறுத்தியது. எந்தக் கூட்டம் எந்த நேரத்துக்கு என்று நான் யோசித்திருக்கவே இல்லை, எத்தனை பேர் எந்த நேரத்துக்கு என்றுதான் யோசித்திருந்தேன்.

தண்ணீரில் கூட நிற்கும் ஆளைப் பற்றியும் கேட்டேன். ஓட்டிக்கு உதவியாக வருகிற பொடியன்கள் எல்லோரும் மீன் மாதிரி நீந்துவார்கள், இப்போது போட்டில் சும்மா படுத்துக் கிடக்கிறார்கள் என்றார். அவர்களுக்கு ஒரு பயிற்சியும் ஒரு சட்டையும் ஒரு நாட்கூலியும் கொடுத்தால் வளையத்தில் ஆளை இழுத்துக்கொண்டு போவார்கள். "சட்டை முக்கியம்" என்று இரண்டு தடவை சொன்னார். சட்டை இல்லாத பொடியன், கல்லில் ஏறாதே என்று ஒரு கொழும்பு ஐயாவிடம் சொன்னால் ஐயா கேட்பாரா?

தாளை மடித்துத் திருப்பித் தந்தார். அடுத்த பருவத்துக்கு முன் இதில் ஒன்றே ஒன்றைச் செய்யலாம் என்றால் எதைச் செய்வீர்கள் என்று கேட்டேன். கரையைப் பார்த்தார். ஒரு பஸ் வந்து நின்றிருந்தது. இறங்கிய சனம் வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, சுடுமணலில் காலை மாற்றி மாற்றி வைத்து, நேரே போட்டை நோக்கி ஓடி வந்துகொண்டிருந்தது.

"முதல்ல நிழலுக்கு அந்தக் கொட்டிலப் போடச் சொல்லுங்க தம்பி. நிண்டாத்தானே கேப்பாங்க."